வாயுதூத்: சிற்றூர்களுக்குப் பறந்த விமானம்

வாயுதூத், இந்தியன் ஏர்லைன்ஸும் ஏர் இந்தியாவும் கூட்டாக 1981 ஜனவரியில் தொடங்கிய வட்டார விமான நிறுவனம். முதலில் அதற்கென ஒதுக்கப்பட்ட பகுதி வடகிழக்கு மாநிலங்கள். இரண்டாம் உலகப் போர்க்காலத்து ஓடுதளங்கள் அங்கே பல உண்டு. பழைய டகோட்டா விமானங்கள் ஓய்வுபெற்ற பின் அவற்றில் பல வெறிச்சோடிக் கிடந்தன. மலையும் ஆறும் சாலையைச் சுற்றுவழியாக்கும் அந்த நிலப்பரப்பில் விமானம் ஆடம்பரமல்ல, அத்தியாவசியம்.

தொடக்கத்தில் ஃபோக்கர் எஃப்-27 விமானங்கள் ஓடின. பிறகு வந்த டோர்னியர் 228தான் வாயுதூத்தின் அடையாளமானது. ஜெர்மானிய வடிவமைப்பான இதை, உரிமம் பெற்று இந்துஸ்தான் ஏரோநாட்டிக்ஸ் (எச்.ஏ.எல்.) நிறுவனம் கான்பூரில் தயாரித்தது. நடைபாதைக்கு இருபுறமும் ஒற்றை இருக்கைகள், மொத்தம் 19 பேர். காற்றழுத்தம் கூட்டப்படாத அறை என்பதால் அதிக உயரம் போக முடியாது. மேகத்துக்கு மேலே ஏறித் தப்பிக்கும் வசதி இல்லாததால் மழைக்காலத்தில் குலுக்கல் கடுமையாக இருக்கும். ஆனால் குட்டையான ஓடுதளமே அதற்குப் போதும். அந்த ஒரு குணத்தால்தான் பெரிய விமானம் எட்டிப்பார்க்காத ஊர்களுக்கெல்லாம் சேவை சாத்தியமாயிற்று.

எண்பதுகளில் வாயுதூத் நாடெங்கும் பரவியது. தமிழ்நாட்டில் நெய்வேலியும் தஞ்சாவூரும் சென்னையோடு இணைந்தன. ஆள் சேராமல் தஞ்சைச் சேவை நின்றுபோனது. இதே கதை பல ஊர்களில் நடந்தது. குறுந்தூரப் பயணத்தில் மேலெழுவதற்கே எரிபொருளில் பெரும்பங்கு செலவாகிறது. விமானி, பராமரிப்பு, நிலையச் செலவு எல்லாவற்றையும் 19 பயணச்சீட்டுகள் சுமக்க வேண்டும். இருக்கைகள் நிரம்பினாலே கட்டுப்படியாவது கடினம். பாதி காலியாகப் போனால் சொல்லவே வேண்டாம். பிற்காலத்து வட்டார விமானச் சேவைத் திட்டமான உடானில் இந்த இழப்பை ஈடுகட்ட அரசு நேரடியாக நிதி தருகிறது. வாயுதூத் காலத்தில் நாடு முழுவதற்குமான அப்படியொரு ஏற்பாடு இல்லை. பொதுச் சேவையின் சுமையை நிறுவனத்தின் கணக்கில் ஏற்றிவிட்டு, பிறகு நட்டத்தைக் குறைசொன்னது நியாயமல்ல.

விபத்துகளும் நேர்ந்தன. 1988 அக்டோபர் 19 அன்று சில்சாரிலிருந்து வந்த ஃபோக்கர், குவாஹாட்டி அருகே விழுந்து நொறுங்கியதில் அதிலிருந்த 34 பேரும் மாண்டனர். அதே காலையில் அகமதாபாத்திலும் இந்தியன் ஏர்லைன்ஸ் விமானம் ஒன்று விழுந்தது. மறு ஆண்டு செப்டம்பரில் வாயுதூத்தின் டோர்னியர் ஒன்று மகாராஷ்டிரத்தின் உஜனி நீர்த்தேக்கத்தில் விழுந்து 11 பேர் இறந்தனர்.

கடன் பெருக, 1993இல் நிறுவனத்தை இந்தியன் ஏர்லைன்ஸுடன் இணைக்க அரசு முடிவெடுத்தது. அதன்பின் சில காலம் குறுந்தூரப் பிரிவாகப் பெயரளவில் நீடித்த வாயுதூத், 1997இல் முற்றிலும் ஓய்ந்தது.