பட்டணத்து உலையில் அரிசி

சென்னைப் பட்டணத்தில் இன்று நடுப்பகல் வேளையில் எந்த வீட்டு அடுப்பைப் பார்த்தாலும், செல்வர் வீடாயினும் கூலியாள் குடிசையாயினும், அரிசியே வெந்துகொண்டிருக்கிறது. சன்ன ரகம், மோட்டா ரகம் என்ற வேற்றுமை இருக்கலாமே ஒழியத் தானியத்தில் வேற்றுமை இல்லை. இதைக் காண்கிறவர்கள், தமிழ் ஜனங்கள் யாவரும் ஆதிகாலந்தொட்டே நாள்தோறும் நெற்சோறு உண்டு வந்தவர்கள் என்று எண்ணிவிடுவது இயல்பு. ஆனால், நூறு ஆண்டுகளுக்கு முன்வரை காவேரியும் தாமிரபரணியும் பாய்ந்த நன்செய் நாடுகளையும், செங்கற்பட்டுச் சீமையைப் போல ஏரிப் பாசனம் நிறைந்த இடங்களையும் தவிர்த்தால், சேலம், கோயம்புத்தூர், தர்மபுரி, இராமநாதபுரம் முதலிய புன்செய்ப் பிரதேசங்களில் பெரும்பாலோருடைய ஜீவனம் கேழ்வரகிலும் கம்பிலும் சோளத்திலும் வரகிலுமே நடந்தது. அங்கே நெல்லுச்சோறு தீபாவளிக்கும் பொங்கலுக்கும் கலியாணத்துக்கும் உரியதாக இருந்தது. மற்ற நாட்களில் அதை உண்பவர் ஊரில் சில குடும்பத்தாரே. பட்டணத்துக்குப் பிழைப்புத் தேடி வந்த ஏழைகளும் இந்தப் பழக்கத்தோடுதான் வந்தார்கள். அவர்கள் எல்லோரும் அரிசிக்கு மாறிய வரலாறு நாவின் ருசியைப் பற்றியது மாத்திரமன்று. அதில் கப்பலும் ரயிலும் யுத்தமும் தேர்தலும் கலந்திருக்கின்றன.

முதலில் வேலையைப் பற்றிச் சொல்லவேண்டும். கம்பை நீர் தெளித்துப் பிசறி உரலிலிட்டுக் குத்தி, உமியைப் புடைத்து நீக்கி, மறுபடியும் குத்திக் குருணையையும் மாவையும் தனித்தனியே சலித்தெடுத்து, குருணையை உலையிலிட்டு அது பாதி வெந்தபின் மாவைச் சேர்த்து, கட்டிதட்டாமல் துடுப்பினால் கிண்டி இறக்கினால்தான் ஒரு வேளைக் கம்பஞ்சோறு ஆகும். மிஞ்சியதை உருண்டை பிடித்துத் தண்ணீரில் போட்டுவைத்து, காலையில் மோர் விட்டுக் கரைத்துச் சின்ன வெங்காயத்தோடு உண்பார்கள். அதன் சுவையும் குளிர்ச்சியும் வேறெதற்கும் வாராது. ஆயினும் அந்தச் சுவைக்குப் பின்னால் ஒரு பெண்ணின் இரண்டு மணி நேரத்துத் தோள்வலி இருந்தது என்பதைச் சிறுதானியத்தின் மகிமையைப் பேசுகிறவர்கள் அதிகம் பேசுவதில்லை. பெரம்பூரிலே பின்னி ஆலைச் சங்கு ஊதுவதற்குள் புருஷனுக்குச் சோறு கட்டிக் கொடுத்துவிட்டுத் தானும் சித்தாள் வேலைக்கோ வீட்டு வேலைக்கோ ஓடவேண்டிய பெண்ணுக்கு உரலும் இல்லை, உரல் போட இடமும் இல்லை, குத்த நேரமும் இல்லை. கடையில் தீட்டி வைத்த அரிசியோ, களைந்து உலையிலிட்டால் சிறிது நேரத்தில் சோறாகிவிடும். பட்டணம் அரிசிக்கு மாறியதற்கு இதைக் காட்டிலும் வலுவான காரணம் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

அந்த அரிசி எங்கிருந்து வந்தது? 1856-ஆம் ஆண்டில் இராயபுரத்திலிருந்து வாலாஜா வரையில் ரயில் ஓடத் தொடங்கியபின் உள்நாட்டுத் தானியம் பட்டணத்தை நோக்கியும், கடல் வழியாக வந்த தானியம் உள்நாட்டை நோக்கியும் நகர்வதற்கு வழி ஏற்பட்டது. 1876-இல் தொடங்கிய தாது வருஷப் பஞ்சத்தில் இந்த வழியின் இரு குணங்களும் வெளிப்பட்டன. அப்போது சென்னைக்குத் துறைமுகம் கட்டி முடிந்திருக்கவில்லை. வங்காளத்திலிருந்தும் பர்மாவிலிருந்தும் வந்த கப்பல்கள் ஆழ்கடலில் நங்கூரமிட்டு நிற்க, மசூலாப் படகுகள் அலைகளைத் தாண்டி மூட்டைகளைக் கரைசேர்த்தன. கடற்கரையில் அரிசி குவிந்திருந்த அதே காலத்தில், அதை வாங்கக் கையில் காசில்லாத லட்சக்கணக்கான ஜனங்கள் ஜில்லாக்களில் மடிந்தார்கள். பஞ்ச நிவாரணத்தைச் சிக்கனப்படுத்த 1877-இல் அனுப்பப்பட்ட ஸர் ரிச்சர்டு டெம்பிள், கடும் உழைப்புச் செய்யும் ஓர் ஆளுக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியத்தோடு சிறு காசுக் கூலியே போதும் என்று விதித்தது நம் தேச சரித்திரத்தில் மன்னிக்கத்தகாத காரியங்களில் ஒன்று. சந்தையில் தானியம் இருப்பது வேறு, ஏழையின் கலயத்தில் அது விழுவது வேறு என்பதைச் சென்னை ராஜதானி அந்த இரண்டு ஆண்டுகளில் மரணத்தின் வாயிலாகக் கற்றது.

பஞ்சத்திற்குப் பிறகு பர்மா அரிசியின் வரவு நின்றுவிடவில்லை. 1852-இல் ஆங்கிலேயர் கைப்பற்றிய கீழ்ப்பர்மாவில், ஐராவதி நதியின் கழிமுகத்துச் சதுப்புக் காடுகள் வெட்டப்பட்டு வயல்களாயின. பத்து லட்சம் ஏக்கருக்கும் குறைவாக இருந்த நெற்பயிர் 1930-ஐ ஒட்டிய ஆண்டுகளில் எண்பது லட்சம் ஏக்கரைக் கடந்தது. காடு வெட்டிய பர்மியக் குடியானவனுக்கு மாட்டுக்கும் விதைக்கும் கூலிக்கும் முன்பணம் கொடுத்தவர்கள் செட்டிநாட்டு நகரத்தார்கள். நாற்று நடவும் அறுவடை செய்யவும் ரங்கூன் ஆலைகளில் மூட்டை தூக்கவும் சென்றவர்களில் பலர் தமிழரும் தெலுங்கருமான கூலியாட்கள். 1930-இல் பர்மாவின் வங்கி விசாரணைக் குழு நகரத்தாரின் முதலை எழுபத்தைந்து கோடி ரூபாய் என்று மதிப்பிட்டது. நெல் விலை வீழ்ந்து கடன் திரும்பாமற்போனபோது, அந்த முதல் நிலமாக மாறி, 1938-க்குள் பிரதானமான பதின்மூன்று நெல் மாவட்டங்களில் ஏறத்தாழ நாலில் ஒரு பங்கு நிலம் அவர்கள் பெயருக்கு வந்துவிட்டது. பர்மியரின் மனத்தில் அது உண்டாக்கிய கசப்பு இயல்பானதே. யுத்தத்துக்கு முன் பர்மா ஆண்டுதோறும் சுமார் முப்பது லட்சம் டன் அரிசியை வெளியே அனுப்பியது. அதில் பாதியளவு இந்தியாவுக்கு வந்தது. காரைக்குடியில் எழுந்த மாளிகைகளும் சென்னைத் தெருக்களில் ஏழைகள் வாங்கிய ரங்கூன் அரிசியும் ஒரே கழிமுகத்திலிருந்து வந்தவை.

அந்த அரிசி தஞ்சை மிராசுதார்களுக்கு உவப்பாயில்லை. விலை வீழ்ச்சிக் காலத்தில் பர்மாவிலிருந்தும் சயாமிலிருந்தும் மலிவான அரிசியும் நொய்யும் வந்து குவிய, தங்கள் நெல் களத்திலேயே கிடப்பதாக அவர்கள் முறையிட்டார்கள். 1935-இல் வெளிநாட்டு நொய்யரிசிக்குச் சர்க்கார் வரி விதித்தது. விளைவிக்கிறவனுக்கு நல்ல விலையும் உண்கிறவனுக்கு மலிவும் ஒருங்கே வேண்டும் என்ற இந்த வழக்கு அன்று தொடங்கியது, இன்னும் தீர்ப்பாகவில்லை.

இதே காலத்தில் இயந்திர ஆலைகள் ஊர்தோறும் பரவின. உலக்கையால் குத்திய அரிசியில் ஒட்டியிருந்த தவிடு ஆலையில் தீட்டும்போது அறவே போய்விடுகிறது. அதனோடு உயிர்ச்சத்தும் போய்விடுகிறது. ஆலையில் தீட்டிய பச்சரிசியை உண்ட, வட சர்க்கார் எனப்பட்ட தெலுங்குக் கடற்கரை ஜில்லாக்களில் பெரிபெரி நோய் பரவியிருக்க, புழுங்கலரிசி உண்ட தமிழ் ஜில்லாக்களில் அது அரிதாயிருந்ததைக் குன்னூர் போஷணை ஆராய்ச்சி நிலையத்தார் கவனித்தார்கள். நெல்லை ஊறவைத்து அவிக்கும்போது தவிட்டின் சத்து அரிசிக்குள் இறங்கிவிடுகிறது என்பதே அதன் ரகசியம். நெல் அவிக்கும் அண்டாவின் முன் நின்ற நம் பாட்டிமார்கள், காரணம் அறியாமலே ஒரு பெரும் வியாதியிலிருந்து தமிழ்நாட்டைக் காத்தார்கள். காந்தியடிகளோடு சேர்ந்து கிராமக் கைத்தொழில் சங்கத்தை நடத்திய தஞ்சாவூர்க்காரரான ஜே. சி. குமரப்பா, ஆலையரிசிக்கு எதிராக ஆண்டுக்கணக்கில் எழுதியும் பேசியும் வந்தார். அவர் கூறியவை சத்தியமானவை; ஆனால் பட்டணத்துக்காரர் கண்ணுக்கு வெண்மையே அந்தஸ்தாகத் தோன்றியதால், அவர் குரல் கடைத்தெருவில் எடுபடவில்லை.

1942 மார்ச்சு மாதத்தில் ரங்கூன் ஜப்பானியர் வசமாயிற்று. எழுபது எண்பது ஆண்டுகளாகக் கடல் கடந்து வந்த அரிசி சில வாரங்களில் நின்றுபோயிற்று. அடுத்த ஆண்டில் வங்காளத்தில் நிகழ்ந்த மகா க்ஷாமத்தைக் கண்டு அஞ்சிய சர்க்கார், பெரிய நகரங்களில் உணவுப் பங்கீட்டை ஏற்படுத்திற்று. சென்னையும் 1943-இல் அதற்குள் வந்தது. அப்போதுதான் ரேஷன் கார்டு என்னும் காகிதம் பட்டணத்துக் குடும்பங்களில் பத்திரம்போல் பாதுகாக்கத்தக்க பொருளாயிற்று. வரிசையில் நின்று பெற்று வந்த அரிசியை முறத்திலே கொட்டி, கல்லும் நெல்லும் பொறுக்கியபின் எஞ்சியதைப் பார்த்துப் பெண்கள் பெருமூச்சு விட்டார்கள். 1946-இல் பங்கீடு நாளொன்றுக்குத் தலைக்குப் பன்னிரண்டு அவுன்ஸாகக் குறைக்கப்பட்டது. அரிசிக்கு ஈடாகக் கோதுமையும் சோளமும் கொடுத்தார்கள். கோதுமையைக் கண்டறியாத வீடுகள் அதை உடைத்து உப்புமாவாகவும் கஞ்சியாகவும் சமைத்துப் பழகின. பெங்களூரில் ரவா இட்லி பிறந்ததும் அந்த யுத்தகால அரிசித் தட்டுப்பாட்டினால்தான் என்று மாவள்ளி சிற்றுண்டிச் சாலையார் கூறுவர். இதற்கிடையே பட்டணமும் பெருத்துக்கொண்டே வந்தது: 1941-இல் ஏழே முக்கால் லட்சமாயிருந்த ஜனத்தொகை, நகர எல்லையும் விரிந்து, 1951-இல் பதினான்கு லட்சத்தைத் தாண்டிற்று.

1952-இல் முதல் மந்திரியான ராஜாஜி, பதவியேற்ற சில மாதங்களுக்குள், ஜூன் மாதத்தில், பங்கீட்டையும் கட்டுப்பாட்டையும் எடுத்துவிட்டார். பலரும் விபரீதம் விளையும் என்று அஞ்சியும் பதுங்கியிருந்த தானியம் சந்தைக்கு வந்தது. அவருடைய துணிவை அன்று ஜனங்கள் கொண்டாடினார்கள். எனினும் பருவமழை துணையிருந்தமட்டும்தான் அந்தத் துணிவு பலித்தது. 1956-இல் செய்த ஒப்பந்தத்தினால் அமெரிக்கக் கோதுமை வரத்தொடங்கியதும், 1965-இலும் 1966-இலும் மழை பொய்த்தபோது தேசம் முழுமைக்கும் ஒரே ஆண்டில் ஏறத்தாழ ஒரு கோடி டன் தானியம் இறக்கவேண்டியிருந்ததும் யாவரும் அறிந்தவை. 1965 ஜனவரியில் பிறந்த இந்திய உணவுக் கழகம் தன் முதல் மாவட்ட அலுவலகத்தைத் தஞ்சாவூரில் திறந்தது. 1967-ஆம் ஆண்டுத் தேர்தலில் அரிசியே பிரதானமான பேச்சாயிற்று. ரூபாய்க்கு ஒரு படி அரிசி என்ற வாக்குறுதியோடு பதவிக்கு வந்த அண்ணாதுரை அதைச் சென்னையிலும் கோவையிலும் நடத்திக் காட்டினார். பொக்கிஷம் இடங்கொடாமையால் அது விரியவில்லை. ஆனால் அந்த வாக்கு மறக்கப்படவில்லை. 1972-இல் நுகர்பொருள் வாணிபக் கழகம் அமைந்தது. 2008-இல் ஒரு ரூபாய்க்கு ஒரு கிலோ, 2011 முதல் விலையின்றி என்று நியாயவிலைக் கடையின் அரிசி படிப்படியாக ஏழையின் உரிமையாயிற்று.

இந்த ஏற்பாட்டைக் குறைகூற எனக்கு மனம் வரவில்லை. மூன்று தலைமுறைக்குமுன் பண்டிகையில் மாத்திரம் நெற்சோறு கண்ட குடும்பத்துப் பிள்ளை, இன்று நாள்தோறும் அதை உண்டு பள்ளிக்கூடம் போகிறது. இது ஒரு பெரிய நியாயத்தின் ஸ்தாபனம். அந்தப் பிள்ளையின் தாயிடம் போய்க் கம்புக்குத் திரும்பு என்று உபதேசிப்பதற்கு, எந்நாளும் உலக்கை தொடாதவர்களுக்கு அதிகாரமில்லை. ஆனால் நஷ்டத்தையும் மறைக்கலாகாது. சர்க்காரின் தராசு நெல்லையும் கோதுமையையும் மாத்திரமே நிறுத்து வாங்கியபடியால், புன்செய்க் குடியானவனின் கம்பும் வரகும் வாங்குவாரின்றிப் போயின. அவன் கிணற்றுக்குப் பம்புசெட்டு வைத்து நெல்லுக்கோ, இல்லையேல் கடலைக்கோ பருத்திக்கோ மாறினான். பட்டணத்திலோ, தீட்டிய அரிசியை மிகுதியாக உண்பதற்கும் நீரிழிவு நோய்க்கும் தொடர்பிருப்பதைச் சென்னைவாசிகளிடம் நடத்திய வைத்திய ஆராய்ச்சிகள் எடுத்துக்காட்டியிருக்கின்றன. குமரப்பாவின் எச்சரிக்கை வேறொரு வியாதியின் பெயரால் மெய்யாயிற்று.

சந்தையின் முகமும் மாறிவிட்டது. வடக்கே செங்குன்றத்து மண்டிகளில், வியாபாரி மூட்டையின் விலாவில் குத்தூசியைச் செருகி உள்ளங்கையில் வாங்கிய நாலு மணியை ஊதிப் பார்த்து, ஒன்றைப் பல்லிடுக்கில் கடித்து, அது நறுக்கென்று முறியும் ஓசையில் ஈரத்தை அறிந்து, பழசா புதுசா என்று விலை சொல்லும் வித்தை இன்றும் உண்டு. ஆனால் அவன் விற்கும் பெயர்கள் சில ரகங்களுக்குள் சுருங்கிவிட்டன. மலேயாவில் தேர்ந்தெடுத்த மசூரியின் வழியில் வந்து 1986-இல் தமிழ்நாட்டில் வெளியிடப்பட்ட வெள்ளைப் பொன்னியும், அதே மசூரியின் உறவான ஆந்திரத்துப் பாபட்லாவும் பட்டணத்தார் நாவை ஆள்கின்றன. ரேஷன் அரிசியை இட்லி மாவுக்கு வைத்துக்கொண்டு சோற்றுக்குப் பொன்னி வாங்கும் குடும்பங்கள் பல. கேழ்வரகும் கம்பும் பளபளக்கும் உறையில், அரிசியைக் காட்டிலும் அதிக விலைக்கு, வசதியுள்ளவர்களின் தெருக்களில் விற்கின்றன.

2023-இல் தமிழ்நாட்டு அரசு நீலகிரி, தர்மபுரி மாவட்டங்களின் நியாயவிலைக் கடைகளில், விரும்புவோருக்கு இரண்டு கிலோ அரிசிக்குப் பதிலாகக் கேழ்வரகு வழங்கத் தொடங்கிற்று; தர்மபுரி, கிருஷ்ணகிரிக் குடியானவர்களிடம் அதற்காக நேரிலேயே கொள்முதலும் செய்தது. அறுபது ஆண்டுகளாக நெல்லுக்கு மாத்திரம் திறந்திருந்த கொள்முதல் நிலையத்தின் கதவு புன்செய்த் தானியத்துக்கும் திறந்திருக்கிறது. பெரம்பூரிலும் வியாசர்பாடியிலும் உள்ள கடைகளுக்கும் இது வரவேண்டும். வரும்போது முழுத்தானியமாக வராமல் அரைத்த மாவாகவே வரவேண்டும், ஏனெனில் அங்கே உரலும் இல்லை, நேரமும் இல்லை.