கொல்கத்தாவில் வேர்கொண்ட கெர் குடும்பம்: ஆஸ்திரேலிய விதிக் கால்பந்தில் டேனியல் கெரின் 13 ஆண்டுகள்

கொல்கத்தா: உலக மகளிர் கால்பந்தைப் பின்தொடர்வோருக்கு ஆஸ்திரேலிய வீராங்கனை சாம் கெரின் பெயர் புதியதன்று. அவருடைய தந்தை ரோஜர் கெர் கொல்கத்தாவில் பிறந்த ஆங்கிலோ இந்தியர் என்பதைப் பலர் அறிந்திருக்க மாட்டார்கள். அதைவிடக் குறைவாக அறியப்பட்ட செய்தி ஒன்றும் உண்டு. அக்குடும்பத்தில் முதலில் நாடறிந்த விளையாட்டு வீரராகத் திகழ்ந்தவர் சாம் அல்லர். அவரைவிடப் பத்து வயது மூத்தவரான அண்ணன் டேனியல் கெர். அவர் ஆடியது நாம் அறிந்த கால்பந்தும் அன்று.

ரோஜரின் தந்தை இங்கிலாந்தைச் சேர்ந்தவர். இறகு எடைப் பிரிவுக் குத்துச்சண்டை வீரர். தாய் இந்தியர், கூடைப்பந்து ஆடியவர். விடுதலைக்குப் பின் கொல்கத்தாவின் ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் பல இங்கிலாந்து, கனடா, ஆஸ்திரேலியா எனக் கலைந்தன. அவற்றுள் ஆஸ்திரேலியாவின் வாயில் எளிதில் திறக்கவில்லை. 'வெள்ளை ஆஸ்திரேலியா' எனப்பட்ட குடியேற்றக் கொள்கை 1966-இல் தளர்த்தப்பட்டு, 1973-இல்தான் முழுமையாகக் கைவிடப்பட்டது. அதற்கு முன்னர் விண்ணப்பித்த ஆங்கிலோ இந்தியர்கள் தங்கள் ஐரோப்பிய வம்சாவளியை மெய்ப்பிக்க வேண்டியிருந்தது. ஒரே குடும்பத்தில் தோல் நிறத்தால் ஒருவருக்கு அனுமதி கிடைப்பதும் மற்றவருக்கு மறுக்கப்படுவதும் நேரக்கூடிய காலம் அது.

குடியேறியவர்களில் பலர் இந்தியப் பெருங்கடலின் மறுகரையில் உள்ள பெர்த் நகரைத் தேர்ந்தனர். விளையாட்டையும் உடன்கொண்டு சென்றனர். ஜபல்பூரிலிருந்து பெர்த் சென்ற பியர்ஸ் சகோதரர்கள் ஐவரும் ஆஸ்திரேலிய ஹாக்கி அணிக்கு ஆடினர். ரோஜர் கெர் தேர்ந்த வழி வேறு. இந்தியாவில் எவரும் ஆடியிராத ஆஸ்திரேலிய விதிக் கால்பந்தைக் கற்று, மேற்கு ஆஸ்திரேலியாவின் ஈஸ்ட் ஃப்ரீமேன்டில், தெற்கு ஆஸ்திரேலியாவின் போர்ட் அடிலெய்டு ஆகிய மாநில லீக் கழகங்களுக்கு ஆடினார். புலம்பெயர்ந்த ஒருவர் அந்நாட்டுக்கே உரிய விளையாட்டில் இடம்பிடிப்பது சிறு செய்தியன்று.

எப்படி ஆடப்படுகிறது?

இவ்விளையாட்டைத் தமிழில் விளக்குவது சற்றுச் சிரமமே. 'கால்பந்து' என்றால் வாசகர் மனத்தில் மோகன் பகானும் ஈஸ்ட் பெங்காலும்தான் தோன்றும். இங்கோ பந்து முட்டை வடிவம் கொண்டது, கையாலும் தொடலாம். ஆடுகளமும் நீள்வட்டமானது, பெரும்பாலும் கிரிக்கெட் மைதானமே. அவ்வகையில் ஈடன் கார்டன்ஸ் போன்ற ஒரு திடல் இதற்குப் பொருந்தும். அணிக்கு 18 பேர் களத்தில் இருப்பர். பந்தை எறியக் கூடாது. உதைக்கலாம், அல்லது ஒரு கையில் ஏந்தி மறுகை முட்டியால் குத்தி அனுப்பலாம். பந்துடன் ஓடுபவர் 15 மீட்டருக்கு ஒருமுறை அதைத் தரையில் தட்டவோ தொடவோ வேண்டும். 15 மீட்டருக்குக் குறையாமல் உதைக்கப்பட்டு வரும் பந்தைத் தரையில் படாமல் பிடித்தால், எதிரணியின் இடையூறின்றி அடுத்த உதையை உதைக்கும் உரிமை கிடைக்கும்.

இரு முனைகளிலும் நான்கு கம்பங்கள் நிற்கும். நடுவிலுள்ள இரண்டுக்கும் இடையே உதைத்தால் 6 புள்ளிகள். பக்கவாட்டு இடைவெளியில் சென்றால் 1 புள்ளி மட்டுமே. இந்த ஒற்றைப் புள்ளிதான் டேனியல் கெரின் வாழ்க்கையில் பெரும் பங்கு வகித்தது.

விதிகள் 1859-இல் மெல்பர்னில் எழுதப்பட்டன. விக்டோரியா மாநில லீக் 1897-இல் தொடங்கி, 1990-இல் ஏ.எஃப்.எல். எனப்படும் ஆஸ்திரேலியக் கால்பந்து லீக் எனப் பெயர் மாற்றம் பெற்றது. பெர்த்தின் வெஸ்ட் கோஸ்ட் ஈகிள்ஸ் அணி 1987-இல் அதில் இணைந்தது.

ஒரு வாக்கு, ஒரு புள்ளி

டேனியல் கெர் 1983 மே 16 அன்று பிறந்தார். தந்தை ஆடிய ஈஸ்ட் ஃப்ரீமேன்டில் கழகத்திலிருந்து, 2000-ஆம் ஆண்டுத் தேசிய வீரர் தேர்வில் 18-ஆவது இடத்தில் ஈகிள்ஸ் அணியால் எடுக்கப்பட்டார். நமது ஐ.பி.எல். போன்ற ஏலம் அங்கு இல்லை. முந்தைய பருவத்தில் பின்தங்கிய அணிகள் முதலில் தேர்ந்தெடுக்கும் முறை அது. 2001-இல் அறிமுகமானார்.

அவர் நடுக்கள வீரர். உயரமான வீரர்கள் எழும்பித் தட்டிவிடும் பந்தை நெரிசலுக்குள் புகுந்து எடுத்து வெளியே கொண்டுவருவதே அவர் பணி. உடல் மோதலுக்கு அஞ்சாதவர்களுக்கே உரிய இடம். கிறிஸ் ஜட், பென் கசின்ஸ், டேனியல் கெர் மூவரும் சேர்ந்த ஈகிள்ஸ் நடுக்களம் அக்காலத்தில் லீக்கிலேயே மிகவும் அஞ்சப்பட்ட ஒன்றாக இருந்தது.

லீக்கின் உயரிய தனிநபர் விருது பிரவுன்லோ பதக்கம். ஒவ்வொரு லீக் ஆட்டத்தின் முடிவிலும் நடுவர்களே சிறந்த மூவருக்கு 3, 2, 1 என வாக்களிப்பர். 2004-இல் அதை ஜட் வென்றார். 2005-இல் கசின்ஸ் 20 வாக்குகள் பெற்று வென்றார். 19 வாக்குகளுடன் இரண்டாமிடம் பெற்றவர் அவருடைய அணித் தோழரான 22 வயது கெர். இழந்தது ஒரே ஒரு வாக்கு.

அந்த வாரமே, 2005 செப்டம்பர் 24 அன்று நடைபெற்ற இறுதிப் போட்டியில் ஈகிள்ஸ் அணி சிட்னி ஸ்வான்ஸிடம் 54-58 என்ற கணக்கில் தோற்றது. அடுத்த ஆண்டு செப்டம்பர் 30 அன்று அதே இரு அணிகள், அதே மெல்பர்ன் கிரிக்கெட் மைதானம். 97,431 பேர் கூடியிருந்த அரங்கில் ஈகிள்ஸ் 85, ஸ்வான்ஸ் 84. இரு அணிகளும் தலா 12 கோல்கள் அடித்திருந்தன. பக்கவாட்டில் சென்ற உதைகளில் ஒன்று கூடுதலாக இருந்ததே கோப்பையைத் தீர்மானித்தது. கெரின் வாழ்க்கையில் கிடைத்த ஒரே சாம்பியன் பட்டம் அது.

பின்னர் ஏற்றமும் இறக்கமும் மாறிமாறி வந்தன. காயங்கள் அவரைப் பல ஆட்டங்களிலிருந்து விலக்கி வைத்தன. களத்துக்கு வெளியே நேர்ந்த சட்டச் சிக்கல்களும் அவர் பெயரைச் செய்திகளில் நிறுத்தின. ஓய்வுக்குப் பின்னரும் அவை தொடர்ந்தன. 13 பருவங்களில் 220 ஆட்டங்கள் ஆடிய பின் 2013-இல் அவர் விடைபெற்றார். நெரிசலுக்குள் புகுந்து ஆடும் இடத்தில் 200 ஆட்டங்களைக் கடப்பது எளிதன்று என்பதையும் சேர்த்தே இக்கணக்கைப் படிக்க வேண்டும்.

தங்கைக்கு மூடப்பட்ட கதவு

சாம் கெரும் சிறுமியாக ஆடியது அண்ணனின் விளையாட்டையே. சிறுவர்களுடன் கலந்து ஆடிவந்த அவர், குறிப்பிட்ட வயதுக்கு மேல் சிறுமியருக்கு அனுமதி இல்லாததால் 12 வயதில் கால்பந்துக்கு மாறினார். 15 வயதில் ஆஸ்திரேலிய அணிக்கு ஆடினார். மகளிருக்கான ஆஸ்திரேலிய விதிக் கால்பந்து லீக் 2017-இல்தான் தொடங்கப்பட்டது. அப்போது சாமுக்கு வயது 23. அக்கதவு முன்னரே திறந்திருந்தால் கால்பந்து உலகம் ஒரு பெரும் வீராங்கனையை இழந்திருக்கும் என்பது வேறு கதை. ஆயினும் அவர் விரும்பி விலகவில்லை, விலக்கப்பட்டார்.

இந்தியாவில் இவ்விளையாட்டு சிறிய அளவிலேயே வேரூன்றியுள்ளது. மெல்பர்னில் 2008-இல் நடைபெற்ற சர்வதேசக் கோப்பைப் போட்டியில் இந்திய அணி முதன்முறையாகப் பங்கேற்றது. மேற்கு வங்கம், கேரளம் உள்ளிட்ட மாநிலங்களில் ஆர்வலர்கள் ஆடி வருகின்றனர்.

ரோஜரின் மகள் இந்திய மண்ணில் ஆடியது 2022-இல் நடைபெற்ற மகளிர் ஆசியக் கோப்பையில். மும்பையில் ஜனவரி 21 அன்று இந்தோனேசியாவை ஆஸ்திரேலியா 18-0 என வென்ற ஆட்டத்தில் சாம் ஐந்து கோல்கள் அடித்து, டிம் கேஹிலின் 50 கோல் சாதனையைக் கடந்தார். மும்பை, நவி மும்பை, புனே ஆகிய மூன்று நகரங்களில் அத்தொடர் நடத்தப்பட்டது. கொல்கத்தாவுக்கு ஓர் ஆட்டமும் ஒதுக்கப்படவில்லை.