மாட்டுக் குறியும் மண்பானைக் குறியும்

ஆனைக்கோட்டை யாழ்ப்பாண நகரிலிருந்து மானிப்பாய் போகும் வழியில் உள்ள ஊர். 1980களின் தொடக்கத்தில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தினர் அங்கு நடத்திய அகழ்வில், பெருங்கற்காலப் புதைகுழி ஒன்றிலிருந்து எலும்புக்கூட்டுடன் சிறியதொரு முத்திரை கிடைத்தது. விரல் நுனியளவான அம்முத்திரையில் இரண்டு வரிகள். கீழ்வரி பிராமி எழுத்து. அகழ்வில் ஈடுபட்ட இந்திரபாலா, இரகுபதி ஆகியோர் அதைக் 'கோவேத' என வாசித்தனர். மேல்வரியில் மூன்று குறிகள். சூலம் போன்ற வடிவமும் அவற்றுள் உண்டு. அவை எழுத்தா, குலச்சின்னமா, உடைமை அடையாளமா என்பதில் இன்றுவரை ஒத்த முடிவில்லை.

யாழ்ப்பாணத்தில் நாங்கள் படித்தது இரண்டு வருடங்கள்தான். மிச்சப் படிப்பை யுத்தம் எடுத்துக்கொண்டது. இப்போது ரொறன்ரோவில் ஓர் உணவகத்தின் குசினியில் நிற்கிறோம். வருடத்தில் இரண்டு மூன்று விழாக்களுக்குப் போனால், ஏதாவதொரு மேடையில் யாராவது இந்த முத்திரையைப் பற்றிப் பேசுவார். "இதுதான் எங்கள் காணி உறுதி" என்பார். மேல்வரியையும் தயக்கமின்றி வாசித்துக் காட்டுவார். கைதட்டல் எழும். நாங்களும் தட்டியிருக்கிறோம். காணி இழந்தவன் உறுதியைத் தேடுவதில் வியப்பில்லை. ஆனால் வாசிக்க முடியாத வரியை வாசித்ததாகச் சொல்லி எடுத்த உறுதி எந்த நீதிமன்றத்தில் செல்லும்?

இத்தகைய குறிகளைப் பட்டியலிட்ட வரலாறு நிதானத்தைக் கற்றுத் தருகிறது. ஹரப்பாவில் கிடைத்த முத்திரை ஒன்றைக் கன்னிங்காம் 1875 இல் வெளியிட்டார். சிந்துவெளி நாகரிகத்தை மார்ஷல் உலகுக்கு அறிவித்தது 1924 இல். அதன்பின் 'நான் வாசித்துவிட்டேன்' என்று வந்தவர்கள் பலர். 'முதலில் எண்ணுவோம்' என்று உட்கார்ந்தவர்கள் சிலரே. ஐராவதம் மகாதேவன் அந்தச் சிலரில் ஒருவர். அரசாங்க அதிகாரியாக இருந்த அவர், கொம்பியூட்டரின் துணையோடு, எந்தக் குறி எங்கே, எதற்குப் பக்கத்தில், எத்தனை தடவை வருகிறது என்று அடுக்கி 1977 இல் ஒரு தொகுப்பை வெளியிட்டார். அவரது கணக்கில் 417 குறிகள். பின்லாந்தின் அஸ்கோ பர்பொலா 1994 இல் 386 என்றார். எஸ். ஆர். ராவ் அடிப்படைக் குறிகள் 62 என்று சுருக்கினார். பிரயன் வெல்ஸ் கணக்கில் 600க்கும் மேல்.

முத்திரைகள் மாறவில்லை, எண்ணிக்கை மட்டும் ஏன் இப்படி அலைகிறது? மீன் வடிவத்துக்குள் ஒரு கோடு கூடினால் அது புதிய குறியா, பழைய குறியின் இன்னொரு கையெழுத்தா? இதற்கு விடை சொல்லாமல் பட்டியல் போட முடியாது. விடை சொல்லவோ அந்த எழுத்தைத் தெரிந்திருக்க வேண்டும். ஒரு வாசகத்தில் சராசரியாக ஐந்து குறிகள்தான். நூற்றுக்கு மேற்பட்டவை ஒரேயொரு தடவை மட்டும் வருபவை. இது மொழியின் எழுத்தே அல்ல என்று 2004 இல் வாதிட்டவர்களும் உளர்.

மண்பானைக் குறிகளின் கதையும் இதுவே. பி. பி. லால் 1960 இல், பெருங்கற்காலப் பானைக் கீறல்களில் 89 சதவீதம் ஹரப்பா, செப்புக்காலக் குறிகளோடு ஒத்தவை என்றார். 2025 ஜனவரியில் தமிழ்நாட்டுத் தொல்லியல்துறை ஓர் ஆய்வை வெளியிட்டது. ராஜனும் சிவானந்தமும் 140 இடங்களின் பானையோடுகளைப் பார்த்து, எல்லாம் 42 அடிப்படை வடிவங்களிலிருந்து கிளைப்பவை என வகுத்திருந்தனர். அதே நாட்களில், சிந்து எழுத்தை வாசிப்பவருக்குப் பத்து லட்சம் டொலர் பரிசு என்று முதலமைச்சர் ஸ்டாலின் அறிவித்தார். எங்களவர் பரிசைப் பற்றியே கதைத்தார்கள். அந்த 42 ஐப் பற்றி எவரும் கதைக்கவில்லை. அந்த ஆய்வு காட்டுவது வடிவத்தின் ஒற்றுமையை. வடிவம் ஒத்திருப்பதால் பொருளும் ஒன்றென்று ஆகிவிடாது.

இன்னொன்றையும் மேடைகளில் சொல்வதில்லை. இத்தகைய பானைக் கீறல்கள் கந்தரோடையில் மட்டுமன்றி அநுராதபுரத்திலும் தெற்கே திஸ்ஸமகாராமவிலும் கிடைத்துள்ளன. குறிகளின் வரைபடம் எமது எல்லைக்கோட்டில் நின்றுவிடவில்லை.

குறி என்றால் என்னவென்று எங்களுக்குப் பல்கலைக்கழகத்துக்கு முன்பே தெரியும். வன்னியில் பட்டி மாடு வைத்திருந்த வீடுகளில் குறிசுடும் நாள் ஒன்றுண்டு. பழுக்கக் காய்ச்சிய இரும்பால் மாட்டின் உடலில் எழுத்தும் சின்னமும் இடுவார்கள். மாடு கைமாறினால் பக்கத்தில் இன்னொரு குறி ஏறும். காட்டுக்குள் தவறிய மாட்டைப் பார்த்ததும் 'இது இன்னாரின் வீட்டுப் பட்டி' என்று அப்பு சொல்லிவிடுவார். பாதி எழுத்து, பாதி சின்னம். ஆனைக்கோட்டை முத்திரையும் அப்படித்தானே இருக்கிறது என்று பின்னர் விரிவுரை மண்டபத்தில் நினைத்தோம். நினைத்தோமே தவிர, அது நிரூபணமல்ல.

2009 இல் பட்டியைத் திறந்துவிட்டுத்தான் ஓடினோம். திரும்பிப் போனபோது வீதியோரங்களில் மாடுகள் நின்றன. குறிகளும் அழியவில்லை. ஆனால் பலவற்றை எங்களால் வாசிக்க முடியவில்லை. வாசிக்கத் தெரிந்த அப்புமார் இல்லை. பதினைந்து வருடங்களுக்குள் மறைந்த பொருளே இப்படியென்றால், இரண்டாயிரம் வருடத்துக்கு முந்தியதை மேடையில் ஒரு நிமிடத்தில் எப்படி வாசிப்பது?

ஸ்காபரோவில் இன்னும் சில முதியவர்கள் இருக்கிறார்கள். சென்ற குளிர்காலத்தில் எங்கள் மாடிக்குடியிருப்பிலுள்ள ஓர் ஐயாவிடம் கேட்டோம். உணவகத்து ஓடர் துண்டின் பின்பக்கத்தில் ஒன்பது குறிகள் கீறித் தந்தார். ஆறுக்கு ஊரும் வீட்டுப் பெயரும் சொன்னார். மூன்றுக்கு, "கண்டிருக்கிறன் தம்பி, ஆற்றையெண்டு தெரியாது" என்றார். அப்படியே எழுதி வைத்திருக்கிறோம். இதை வாசிப்பவர்கள் தத்தம் வீட்டு முதியவர்களிடமும் கேட்டுக் கீறி வாங்கி வையுங்கள். அவர்கள் தெரியாது என்று சொல்வதையும் சேர்த்தே எழுதுங்கள்.