பட்டிப்பொல: இரு புலங்களின் வாயில்

வெவ்வேறு உலகங்களை இணைக்கும் மாயவாயில் பற்றிய கற்பனை தமிழர்க்குப் புதியதன்று. சிலப்பதிகாரத்தின் காடுகாண் காதையில், மதுரைக்குச் செல்லும் வழிகளை எடுத்துரைக்கும் மாங்காட்டு மறையோன், திருமால் குன்றத்திலுள்ள பிலம் ஒன்றனைக் குறிப்பிடுகின்றான். அதன்கண் வரோத்தமை என்னும் தெய்வமகள் தோன்றி வினா எழுப்புவாள். விடை கூறுவோர்க்குக் கதவு திறப்பாள். கூறாதார்க்கும் அங்குத் தீங்கு நேராது. காப்பியம் காட்டும் இவ்வாயிலை நினைவிற் கொண்டு நோக்குமிடத்து, மலையகத்தின் உச்சியில் மனித உழைப்பால் உருவான வாயிலொன்றின் வரலாறு புதுப்பொருள் பெறுகின்றது. அதுவே பட்டிப்பொல.

இலங்கைப் புகையிரத நிலையங்களுள் மிக உயரத்தில் அமைந்தது இதுவாகும். இதற்கும் ஒகியவுக்கும் இடையே, 6,226 அடி உயரத்தில், பாதை தன் உச்சியை எட்டுகின்றது. அதனை அடுத்துள்ள சுரங்கம் நுவரெலியாப் பக்கத்தினின்று ஊவாப் பக்கத்திற்கு இட்டுச் செல்கின்றது. ஒருபுறம் மூடுபனியும் மறுபுறம் வெயிலுமாக இருத்தல் இங்குப் பயணிகள் காணும் காட்சி. இதனை மாயம் எனல் பொருந்தாது. தென்மேற்குப் பருவக்காற்று மேற்குச் சரிவில் மழையைப் பொழிந்தபின், வறண்ட கச்சானாக ஊவாவில் இறங்குகின்றது. வடகீழ்ப் பருவக்காற்றுக் காலத்திலோ ஊவாவே பெருமழை பெறுகின்றது. ஊவாத் தேயிலை ஆடி, ஆவணி மாதங்களிலும், மேற்குச் சரிவின் தேயிலை ஆண்டின் முற்பகுதியிலும் சிறந்த சுவை பெறுவதற்கு இதுவே காரணம். அருகிலுள்ள ஹோர்ட்டன் சமவெளிப் பகுதியோ மகாவலி, களனி, வளவை ஆகிய ஆறுகளுக்கு நீரூட்டுகின்றது. காற்றும் நீரும் பிரியும் எல்லையை இயற்கையே இங்கு வகுத்துள்ளது.

அவ்வெல்லையைக் கடக்கச் செய்தது பெருந்தோட்டப் பொருளாதாரம். கோப்பிக்காகத் தொடங்கிய புகையிரதப் பாதை 1867இல் கண்டியையும் 1874இல் நாவலப்பிட்டியையும் அடைந்தது. ஆயின் 1869இல் தோன்றிய இலைநோய் கோப்பியை அழிக்க, அதன் இடத்தைத் தேயிலை பற்றிக்கொண்டது. பாதை 1884இல் அட்டனையும் 1885இல் நானுஓயாவையும் எட்டியது. ஊவா 1886இல் தனி மாகாணமாயிற்று. எனினும் அதன் விளைபொருள் மலைச்சுவரைத் தாண்ட வேண்டியிருந்தது. தோட்டத் துரைமாரின் நீண்டகாலக் கோரிக்கையின் பயனாகப் பாதை பட்டிப்பொலவைக் கடந்து 1893இல் அப்புத்தளையையும், 1894இல் பண்டாரவளையையும், 1924இல் பதுளையையும் சென்றடைந்தது.

இவ்வாயிலினூடாகச் சென்றது தேயிலை மாத்திரமன்று. திருச்சிராப்பள்ளி, சேலம், மதுரை முதலிய மாவட்டங்களிலிருந்து கங்காணிமார் திரட்டிய மக்களுட் பலர் முற்காலத்தில் மன்னாரிலிருந்து காட்டுவழியே கால்நடையாக வந்தனர். வழியில் மாண்டோரும் பலர். 1914இல் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பற்சேவை தொடங்கியபின், தமிழகத்துச் சிற்றூரும் ஊவாத் தோட்டத்து லயமும் புகையிரதத்தாலும் கப்பலாலும் பிணைக்கப்பட்டன.

திறந்த வாயிலில் பின்னர் வினா எழுந்தது. 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம், இலங்கையிற் பிறந்தவரிடமும், தந்தையோ அன்றேல் பாட்டனும் பூட்டனுமோ இங்குப் பிறந்தமைக்குச் சான்று கேட்டது. பிறப்புப் பதிவு அரிதாயிருந்த தோட்டங்களில் அச்சான்றை எவ்வாறு காட்டுவது? விடை கூற இயலாதோர் நாடற்றோராயினர். 1964 ஒக்டோபரில் கைச்சாத்தான சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 525,000 பேரை இந்தியாவும் 300,000 பேரை இலங்கையும் ஏற்பதென வகுத்தது. எஞ்சிய 150,000 பேர் 1974இல் சரிபாதியாகப் பிரிக்கப்பட்டனர். எங்கு வாழ விரும்புகின்றீர் என்று அம்மக்களைக் கேட்டு இவ்வெண்கள் வகுக்கப்படவில்லை என்பது ஈண்டு மனங்கொள்ளத்தக்கது.

ஒப்பந்தமான ஆண்டின் இறுதியிலேயே தனுஷ்கோடி புயலால் அழிந்தது. எனினும் இராமேசுவரம் வழியாகப் பயணம் தொடர்ந்தது. ஊவாவிலிருந்து புகையிரதத்தில் தலைமன்னார் நோக்கிச் சென்றோர் இவ்வுச்சியைக் கடந்தே சென்றனர். முன்னோர் பிழைப்புத் தேடி ஏறிவந்த பாதை, பிறந்த மண்ணைப் பிரியும் பேரர்க்கு இறங்கும் பாதையாயிற்று. உள்நாட்டுப் போரினால் 1980களில் கப்பற்சேவை நின்றது. அனுப்பப்படாமல் எஞ்சியோரின் நாடற்ற நிலை 2003ஆம் ஆண்டின் சட்டத்தாலேயே தீர்வு கண்டது.

வரோத்தமையின் பிலத்தில் விடையறியாதார்க்குத் துன்பமில்லை. சட்டத்தின் வாயிலிலோ விடையின்மையே தண்டனைக்குரியதாயிற்று. புலங்களை இணைக்கும் பாதைகளை ஆராய்வோர், அவை எத்துணை உயரத்தில் அமைந்தன என்பதோடு அமையாது, அங்கு எவர் எவரிடம் வினா எழுப்பினர் என்பதையும் ஆராய்தல் வேண்டும். பட்டிப்பொல உணர்த்தும் வரலாற்றுண்மை இதுவேயாம்.