அரெனிகோலா மரினா

அரெனிகோலா மரினா, வடமேற்கு ஐரோப்பியக் கடலோரங்களின் சேற்றுமணலில் புதைந்து வாழும் வளையுடலி. ஆங்கிலத்தில் ‘லக்வார்ம்’ எனப்படும். சுமார் 20 செ.மீ. வரை வளரும், உடலின் நடுப்பகுதியில் 13 இணைச் செவுள்கள் உண்டு. மீன்பிடிப்போர் இதைத் தோண்டியெடுத்துத் தூண்டில் இரையாக்குவது நெடுநாள் வழக்கம்.

20 முதல் 40 செ.மீ. ஆழத்தில் வளை அமைத்து, தலைப்பக்க மணலை விழுங்கி, அதிலுள்ள நுண்ணுயிர்களையும் மட்கையும் செரிக்கிறது. விழுங்க விழுங்க மேல்மணல் சரிந்து குழி விழுகிறது. பிறகு பின்னோக்கி மேலேறி, கழிவு மணலை முறுக்குப் பிழிந்தாற்போல் வெளித்தள்ளும். கடல் உள்வாங்கியதும் குழியும் சுருளும் அருகருகே தெரியும்.

லின்னேயஸ் 1758-இல் இதை மண்புழுப் பேரினத்தில் சேர்த்தார். 1801-இல் லமார்க் அரெனிகோலா என்ற தனிப் பேரினத்தை அமைத்தார். மண்புழுக்கள் நிலத்தைப் புரட்டுவது பற்றிய டார்வினின் நூல் 1881-இல் வெளியானது. அடுத்த பத்தாண்டில், 1891-இல், புழுக்கள் எவ்வளவு புரட்டுகின்றன என்ற கணக்கைக் கடற்கரையில் போட்டுப் பார்த்தார் ஆய்வாளர் சார்லஸ் டேவிசன். இங்கிலாந்தின் ஹோலி தீவு மணற்பரப்பில் இப்புழுக்கள் ஏக்கருக்கு ஆண்டுதோறும் சுமார் 1,900 டன் மணலை மேலே கொணர்வதாக மதிப்பிட்டார்.

இருபதாம் நூற்றாண்டில் ஆய்வு புழுவின் உடலுக்குள் நுழைந்தது. நீர் வற்றிய வேளையில் இது எப்படித் தாக்குப்பிடிக்கிறது என்ற கேள்வியோடு உடலியலாளர்கள் ஜோசப் பார்க்ராஃப்டும் ஹென்றி பார்க்ராஃப்டும் 1924-இல் இதன் குருதி நிறமியை ஆராய்ந்தனர். 1940-களில் விலங்கியலாளர் ஜி. பி. வெல்ஸ், இரை தின்பதும் கழிவு தள்ளுவதும் புழுவுக்குள்ளிருந்தே எழும் சீரான இடைவெளிகளில் நடப்பதைக் காட்டினார். ஒரே இனமாகக் கருதப்பட்ட பிரித்தானியப் புழுக்களிலிருந்து அரெனிகோலா டிஃபோடியென்ஸ் 1993-இல் தனியினமாகப் பிரிக்கப்பட்டது.

இப்புழுவின் குருதி நிறமியான ஹீமோகுளோபின் சிவப்பணுக்களுக்குள் அடைபடாமல் குருதியில் நேரடியாகக் கரைந்துள்ளது. ஒரு மூலக்கூறு 156 ஆக்சிஜன் மூலக்கூறுகள் வரை ஏற்கும். மனித ஹீமோகுளோபின் ஏற்பது நான்கே. குருதி வகை பார்க்க வேண்டிய சிக்கலும் இதில் இல்லை. இப்பண்புகளை நம்பி, உயிரியலாளர் ஃபிராங்க் சால் 2007-இல் பிரான்சின் பிரிட்டனியில் ஹெமாரினா நிறுவனத்தைத் தொடங்கினார். தானமாகப் பெற்ற சிறுநீரகங்களைப் பாதுகாக்கும் கரைசலில் இந்த ஹீமோகுளோபினைச் சேர்க்கும் மனிதச் சோதனை, பிரெஸ்ட் மருத்துவமனை முன்னின்று நடத்த, 2016-இல் தொடங்கியது. ஹெமோ2லைஃப் என்ற அந்தத் தயாரிப்புக்கு 2022-இல் ஐரோப்பிய விற்பனை அனுமதி கிடைத்தது.