டல்சா இனப்படுகொலை

அமெரிக்காவின் ஓக்லஹோமா மாநிலத்து டல்சா நகரில், கறுப்பின மக்கள் வாழ்ந்த கிரீன்வுட் பகுதியை வெள்ளையர் கும்பல் 1921 மே 31, ஜூன் 1 ஆகிய நாள்களில் சூறையாடித் தீக்கிரையாக்கிய கொடுமையே டல்சா இனப்படுகொலை.

எண்ணெய் வளத்தால் டல்சா கொழித்துவந்த காலம் அது. 1906இல் ஓ. டபிள்யூ. குர்லி என்ற கறுப்பின வணிகர் இருப்புப்பாதைக்கு வடக்கே நிலம் வாங்கித் தம் இனத்தாருக்கே மனைகளாக விற்றார். நிறப்பாகுபாடு அவர்களை நகரின் மற்றக் கடைத்தெருக்களிலிருந்து விலக்கிவைத்ததால், அவர்கள் ஈட்டிய கூலி கிரீன்வுட்டுக்குள்ளேயே புழங்கியது. பதினைந்தே ஆண்டுகளில் சுமார் 10,000 பேர் வாழ்ந்த அப்பகுதியில் திரையரங்குகள், மருத்துவமனை, நூலகம், செய்தித்தாள்கள், ஜே. பி. ஸ்ட்ராட்ஃபோர்டின் 54 அறை ஹோட்டல் என எல்லாம் எழுந்தன. 'கறுப்பர் வால் ஸ்ட்ரீட்' எனப் பெயர்பெற்ற இந்தச் செழிப்பு வெள்ளையர் பலரின் கண்ணை உறுத்தியது.

காலணி மெருகிடும் 19 வயது டிக் ரோலண்ட், லிஃப்ட் இயக்கிய சாரா பேஜ் என்ற வெள்ளைப் பெண்ணைத் தாக்கினார் என்ற குற்றச்சாட்டில் மே 31 அன்று கைதானார். 'டல்சா டிரிப்யூன்' மாலை இதழ் அதைப் பரபரப்பாக வெளியிட்டதும் நீதிமன்றத்தின் முன் வெள்ளையர் கும்பல் திரண்டது. ரோலண்டைக் காக்க ஆயுதத்துடன் வந்த கறுப்பினத்தாருள் முதல் உலகப்போரில் பணியாற்றியவர்களும் இருந்தனர். துப்பாக்கி ஒன்றைப் பறிக்கும் முயற்சியில் அது வெடித்து மோதல் மூண்டது. விடியலில் கிரீன்வுட்டுக்குள் புகுந்த வெள்ளையரில் பலருக்கு நகர அதிகாரிகளே ஆயுதமும் அதிகாரமும் அளித்திருந்தனர். பெயர்பெற்ற அறுவை மருத்துவர் ஏ. சி. ஜாக்சன் சரணடைய வந்தபோது சுட்டுக் கொல்லப்பட்டார். 1,256 வீடுகள் எரிந்தன. அன்றைய அதிகாரப்பூர்வக் கணக்கில் இறந்தோர் 36 பேர். பிற்கால மதிப்பீடுகள் 300 வரை செல்கின்றன. ஆயிரக்கணக்கான கறுப்பின மக்கள் முகாம்களில் அடைக்கப்பட்டனர்.

தீ அணைந்தபின் அநீதி ஆவணங்கள் வழியே தொடர்ந்தது. கலவரச் சேதத்துக்குப் பொறுப்பில்லை என்று காப்பீட்டு நிறுவனங்கள் கைவிரித்தன. புதிய தீத்தடுப்பு விதியைக் காட்டி மறுகட்டுமானத்தை நகர நிர்வாகம் தடுக்க முயன்றது. கூடாரத்தில் அலுவலகம் நடத்திய வழக்கறிஞர் பி. சி. ஃபிராங்க்ளின் வழக்காடி அதை முறியடித்தார். பெரு நடுவர் குழு பழியைக் கறுப்பினத்தார் மீதே சுமத்தியது. ரோலண்ட் மீதான வழக்கோ கைவிடப்பட்டது. மக்கள் தம் உழைப்பாலேயே கிரீன்வுட்டை மீண்டும் எழுப்பினர்.

பல பத்தாண்டுகள் பாடநூல்கள் இதைப் பேசவில்லை. மாநில அரசு அமைத்த ஆணையம் 2001இல் அளித்த அறிக்கை இழப்பீட்டைப் பரிந்துரைத்தது. உயிரோடிருந்த இரு மூதாட்டிகள் தொடர்ந்த வழக்கை ஓக்லஹோமா உச்ச நீதிமன்றம் 2024 ஜூனில் தள்ளுபடி செய்தது. கொலைகளுக்காக ஒருவரும் தண்டிக்கப்படவில்லை.