குர்ட் போய்ஸ்: சிறு வேடங்களில் ஒரு நூற்றாண்டு

'காசாபிளாங்கா' (1942) படத்தின் தொடக்கத்தில், எங்கும் பிணந்தின்னிக் கழுகுகள் சூழ்ந்திருப்பதாக ஒரு தம்பதியை எச்சரித்தபடியே பணப்பையைத் திருடிக்கொண்டு நழுவும் ஒருவனைப் பார்க்கிறோம். காட்சி நினைவில் நிற்கிறது. நடித்தவரின் பெயரைத்தான் மறந்துவிடுகிறோம்.

அவர் குர்ட் போய்ஸ். 1901இல் பெர்லினில் யூதக் குடும்பமொன்றில் பிறந்தவர். சிறுவனாகவே நடிக்கத் தொடங்கி, எர்ன்ஸ்ட் லூபிட்ச்சின் மௌனப்படமான 'சிப்பி இளவரசி'யில் (1919) இசைக்குழு நடத்துநராக வந்து சிரிக்கவைத்தவர். 1933இல் நாஜிகள் ஆட்சியைப் பிடித்ததும் அந்தப் புகழெல்லாம் பயனற்றுப் போயிற்று. நாட்டைவிட்டு வெளியேறி அமெரிக்கா சேர்ந்தார். ஹாலிவுட் அவருக்கு அளித்தவை பெரும்பாலும் சில நிமிட வேடங்களே. அகதிகளைப் பற்றிய 'காசாபிளாங்கா'வில் திருடனாக நடித்தவர் உண்மையில் ஓர் அகதி என்பதை நாம் கவனிப்பதில்லை.

1950இல் ஜெர்மனி திரும்பிய போய்ஸ் மேடையிலும் திரையிலும் தொலைக்காட்சியிலும் தொடர்ந்து நடித்தார். மார்க்குஸ் இம்ஹூஃபின் 'படகு நிறைந்துவிட்டது' (1981) படத்தில், சுவிட்சர்லாந்தில் அடைக்கலம் தேடும் யூத முதியவராக வந்தார். விம் வெண்டர்ஸின் 'விங்ஸ் ஆஃப் டிசையர்' (1987) படத்தில் ஹோமர் என்னும் கிழவராக, பெர்லின் சுவரையொட்டிய வெற்றுவெளியில் தாம் அறிந்த போட்ஸ்டாமர் சதுக்கத்தைத் தேடி அலைகிறார். அந்தத் தேடலில் நடிப்பு எங்கே முடிந்து நினைவு எங்கே தொடங்குகிறது என்று நம்மால் பிரித்தறிய முடிவதில்லை. அவ்வேடத்திற்காக 1988இல் சிறந்த துணை நடிகருக்கான ஐரோப்பியத் திரைப்பட விருது பெற்றார்.

1989இல் சுவர் வீழ்ந்தது. 1991இல், பிறந்த அதே பெர்லினில், போய்ஸ் மறைந்தார். 'காசாபிளாங்கா'வை மறுமுறை பார்க்கையில் அந்தத் திருடனின் முகத்தைச் சற்று நின்று கவனிப்போம்.